மேல்வீட்டு அழிறப்பர்

அந்த மனிதர் ஒரு கதிரையில் ஒழுங்காக இருந்து நான் பார்த்ததில்லை. இருப்பார், உடனே எழும்புவார். சன்னலடிக்குப் போவார், திரும்பி வருவார், கதிரையைக் கொஞ்சம் தள்ளிப் போடுவார், மறுபடி இருப்பார். பார்த்துக்கொண்டிருக்கிற எனக்குக் கால் உளையும். ஜெர்மனியின் ஹம் நகரில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டின் மேல்தட்டில் அவர். கீழ்த்தட்டில் நான், என் கணவர், இரண்டு பிள்ளைகள். நடுவில் இருந்தது பழைய மரப்பலகைத் தளம். அவர் எழும்பினாலும் இருந்தாலும் அந்தப் பலகை எனக்கு அறிவித்துவிடும்.

பெல்ஜியம் நாட்டுக்காரர். வியோலா வாசிப்பவர், இசை எழுதுபவர். வியோலா என்றால் பார்வைக்கு வயலின்தான். கொஞ்சம் பெரிசு, குரலும் கொஞ்சம் தடிப்பு. இதைச் சொல்லித் தந்தவரும் அவர்தான். "வயலின் எல்லாருக்கும் கேக்கும். செல்லோவும் கேக்கும். நடுவிலை நாங்கள் வாசிக்கிறது ஒருத்தருக்கும் கேக்காது. நாங்கள் நிப்பாட்டினால்தான் என்னவோ குறையுதெண்டு தெரியும்" என்பார். அவர் பேசியது ஜெர்மன். எனக்கு அது என் தமிழில்தான் நினைவில் நிற்கிறது, அப்படியே எழுதுகிறேன். அவருடைய ஜெர்மனும் வந்தான் வரத்தான் ஜெர்மன், என்னுடையதும் அதுதான். அதனால் எங்களுக்குள் பேச்சுக்கு ஒரு தடையும் இருக்கவில்லை. பக்கத்து வீட்டு ஜெர்மன்காரிதான் எங்கள் இருவருக்கும் நடுவில் நின்று முழிப்பாள்.

முதல் அறிமுகமே சண்டையில்தான் தொடங்கியிருக்க வேண்டும். எனக்கு முதியோர் இல்லத்தில் காலை வேலை. விடியமுதல் போய், கிழவர்களைக் குளிப்பாட்டி, உடுப்பு மாற்றி, சாப்பாடு தீத்தி, மத்தியானம் கழித்து வீடு வந்தால் கட்டிலில் விழுந்தே ஆகவேண்டும். அந்த நேரம் பார்த்துத்தான் மேலே நடை தொடங்கும். கொஞ்சத் தூரம் நடை, ஒரு நிற்பு, வியோலாவில் ஒரு இழுவை, மறுபடி நடை. ஒரு நாள் எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. தலைமயிரைக்கூட முடியாமல் மேலே போய்க் கதவைத் தட்டினேன்.

கதவு திறந்தது. காதில் ஒரு பென்சில், கையில் ஒரு அழிறப்பர், கம்பளிச் சட்டை முழுக்க ரப்பர்த் தூள். நான் வாயைத் திறக்கமுதல் அவர் முந்திவிட்டார்.

"நல்ல நேரத்துக்கு வந்தியள். வாங்கோ, வாங்கோ. இதைக் கேளுங்கோ." வியோலாவைத் தோளில் வைத்து ஒரு துண்டு வாசித்தார். "இனி இதைக் கேளுங்கோ." இன்னொரு துண்டு. "எது நல்லம்?"

"எனக்கு ரெண்டும் ஒண்டுபோலத்தான் கிடக்கு. நான் கொஞ்சம் நித்திரை கொள்ளவேணும்."

அவர் முகம் விழுந்துவிட்டது. "ஒண்டுபோலவோ? போன கிழமை முழுக்க உதோடை மல்லுக்கட்டினனான்." கொஞ்சம் யோசித்தார். "அப்ப ரெண்டும் பிழை" என்று சொல்லிவிட்டு மேசையில் குனிந்து இரண்டையும் அழிக்கத் தொடங்கினார். சண்டைக்குப் போன நான், "ஐயோ, அழிக்காதேங்கோ, ரெண்டும் நல்லாத்தான் இருக்கு" என்று கெஞ்சிக்கொண்டு நின்றேன். அடுத்த நாள் முதல் தடித்த கம்பளிக் காலுறை போட்டுக்கொண்டு நடந்தார். நடை நிற்கவில்லை.

இதை வீட்டில் சொன்னபோது என் கணவர் வைத்த பெயர்தான் அழிறப்பர். எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடங்களில் பென்சில் எழுத்தை அழிக்கிற ரப்பருக்கு அதுதான் பெயர். பிள்ளைகள் மரியாதைக்கு ஓர் ஐயாவும் சேர்த்துக்கொண்டார்கள். "அம்மா, அழிறப்பர் ஐயா கீழை வாறார்" என்று மகள் சொன்னால் நான் அடுப்பில் இருக்கிற சட்டியை மூடிவிடுவேன். மூடாவிட்டால் அவர் கரண்டியை எடுத்துவிடுவார்.

சட்டியைப் பற்றிச் சொல்லத்தான் வேண்டும். காலுறை போட்ட கையோடு, சத்தத்துக்கு மன்னிப்புக் கேட்க ஒரு பொதியோடு வந்தார். பெல்ஜியம்காரர் என்றதும் பிள்ளைகள் சொக்கிலேற் என்று பாய்ந்தார்கள். உள்ளே இருந்தது சிக்கோரி. வெள்ளையாய், குருத்துப்போல, வாயில் வைத்தால் கைப்பு. தங்கள் ஊரில் அதை வெண்ணெயில் வாட்டுவார்கள் என்றார். நான் பொடியாக அரிந்து, தேங்காய்ப்பூ போட்டு வறை வறுத்தேன். ஒரு வாய் சாப்பிட்டார். கண்ணை மூடினார். "அருமை" என்றார். அடுத்த நிமிடம் எழும்பிப் போய்ச் சட்டிக்குள் தேசிக்காய் பிழிந்தார். ருசி பார்த்தார். "இல்லை, இல்லை" என்று உப்புப் போட்டார். பிறகு கொஞ்சம் சீனி. என் சமையலறையில், என் சட்டியில். கடைசியில் அதைப் பூனைகூடத் தின்னாது. "முதல் இருந்ததுதான் சரி" என்று அவரே ஒத்துக்கொண்டார். அதைத் திருப்பிக் கொண்டுவர ஏலாது என்று நான் சொன்னபோது, அது தன் வாழ்க்கையில் வழமையாக நடக்கிற விஷயம் என்றார்.

அவருக்கு எழுத்து வருவது ரயிலில்தான். மாதச் சீட்டு ஒன்று வைத்திருந்தார். பாடர்போர்ன் போவார், வருவார். மியூன்ஸ்ரர் போவார், வருவார். அங்கே ஒருவரையும் பார்க்கப் போவதில்லை. ரயில் ஓடினால் மேசை ஆடும், மேசை ஆடினால் தனக்குக் கை ஓடும் என்பார். "ஏன் இந்த ஊரிலை வந்து இருக்கிறியள்? வடிவான ஊர் எத்தினை இருக்கு" என்று ஒருமுறை கேட்டேன். "இஞ்சையிருந்து எல்லாப் பக்கமும் ரயில் போகுது" என்றார். அவருக்கு ஒரு ஜெர்மன் மனைவி இருந்தா. கொஞ்சக் காலம் கேல்ன் நகரில் சேர்ந்து இருந்தார்களாம். வீட்டுத் தளபாடத்தை மாற்றி மாற்றிப் போட்டதில் அந்தப் பெண்ணுக்கு இருட்டில் நடக்கவே பயம் வந்துவிட்டதாம். அதைச் சொல்லிவிட்டுச் சிரித்தார். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

பெர்லினிலிருந்து வருகிற விரைவு ரயிலை ஹம் நிலையத்தில் வைத்து இரண்டாக வெட்டுவார்கள். முன்பாதி ஒரு பக்கம், பின்பாதி ஒரு பக்கம். இந்த ஊரில் சின்னப் பிள்ளைக்கும் அது தெரியும். அவரோ ஒரு நாள் பெர்லினிலிருந்து வந்து, டோர்ட்முண்டில் ஒத்திகைக்கு இறங்க வேண்டியவர், குனிந்த தலை நிமிராமல் அழித்துக்கொண்டிருந்ததில் மற்றப் பாதியோடு வூப்பர்டால் போய்ச் சேர்ந்துவிட்டார். ஒத்திகை அவர் இல்லாமலே நடந்து முடிந்தது. இசைநடத்துநர் கூப்பிட்டுக் கத்தினாராம். அவருக்கு அதில் துளி வருத்தமில்லை. வூப்பர்டால் வரும்போது, அழித்துக்கொண்டிருந்த தாள் சரிவந்துவிட்டது என்று எனக்குப் படிக்கட்டில் நின்று சந்தோஷமாகச் சொன்னார். மறுநாள் அதையும் அழித்தார்.

இவர் எழுதியவை இல்லாமல் இல்லை. இரண்டு வியோலாவுக்கு ஒன்று, சின்னப் பிள்ளைகள் பழகுவதற்குக் கொஞ்சம், நரம்புக் கருவிகளுக்கு ஒரு பெரிய படைப்பு. அந்தப் பெரியதை ஒரு சிறு நகரத்து வாத்தியக்குழு மேடையேற்றியது. முதல் பகுதி முடிந்து இடைவேளை. சனம் தேத்தண்ணி குடிக்கப் போன நேரம், இவர் மேடையில் ஏறி, தாங்கிகளில் இருந்த இசைத்தாள்களை ஒவ்வொன்றாக எடுத்து, அழித்து, திருத்தத் தொடங்கியிருக்கிறார். பாதிப் பேருடைய தாளைத் திருத்தியதோடு மணி அடித்துவிட்டது. இரண்டாம் பகுதியில் பாதிப்பேர் பழையதை வாசித்தார்கள், பாதிப்பேர் புதியதை வாசித்தார்கள். அதற்குப் பிறகு எந்த வாத்தியக்குழுவும் அவரை எழுதச் சொல்லிக் கேட்கவில்லை. இதையும் அவர்தான் எனக்குச் சொன்னார். "ஆனால் ஒரு இடத்திலை ரெண்டும் மோதினபோது ஒரு சத்தம் வந்தது பாருங்கோ! அதை நான் நினைச்சும் எழுதியிருக்க மாட்டன்" என்றார்.

"உந்தாளுக்குப் பைத்தியம் இல்லை. பயம்" என்று என் கணவர் சொல்லுவார். "எழுதி முடிச்சுக் குடுத்தால் நாலு பேர் பிழை சொல்லுவினம். முடிக்காட்டி ஒருத்தரும் ஒண்டும் சொல்லேலாது." எனக்கு அது முழுதும் சரியென்று படவில்லை. அவர் யாருடைய பிழை சொல்லுக்கும் பயந்த ஆள் இல்லை. ஒரு பொருள் இப்படி இருக்கிறது என்றால், வேறு மாதிரியும் இருக்கலாமே என்ற யோசனை அவரை இருக்கவிடாது. அது தொற்றும் என்பதுதான் எனக்குப் பயம். முதியோர் இல்லத்தில் ஒரு கிழவியின் தலையணையை நான் சரிசெய்து, திரும்ப வந்து சரிசெய்து, மூன்றாம் முறையும் போனபோது, "பிள்ளை, என்னை விடன்" என்று அந்த மனுசி கையெடுத்துக் கும்பிட்டுவிட்டா. அன்றைக்கு வீட்டுக்கு வந்து மேல்தளத்தைப் பார்த்துத் திட்டினேன்.

அவருடைய கையை நான் கவனித்தது தேத்தண்ணிக் கோப்பையை வாங்கும்போது. இடது கையின் சின்னவிரலும் மோதிரவிரலும் நேராக நிமிரவில்லை. உள்ளங்கையில் தோலுக்குக் கீழே கயிறு ஓடுகிறமாதிரி ஒரு தடிப்பு. இப்படியான கை எங்கள் இல்லத்துக் கிழவர்களிடம் இருக்கிறது. மெல்ல மெல்ல விரல் உள்ளே மடங்கிக்கொண்டே வரும். நோகாது, ஆனால் நிமிராது.

"டொக்டரிட்டைக் காட்டினியளோ?"

"ஓம். வெட்டி நிமித்தலாமாம். நிமித்தினாப் பிறகு சட்டை பொத்தான் பூட்டலாம், கரண்டி பிடிக்கலாம். வியோலா வாசிக்கிறதுக்கு உத்தரவாதம் இல்லையாம்." எழும்பிச் சன்னலடிக்குப் போனார். "வெட்டமுதல் ஒரு வேலை இருக்கு."

அந்த வேலை, தனி வியோலாவுக்கு அவர் எழுதிக்கொண்டிருந்த ஒன்று. வேறு வாத்தியம் எதுவும் கூட இல்லை. மூன்று பாகம். நான் முதல் நாள் கேட்ட துண்டுகளும் அதில்தான் இருந்தன. "மற்றதெல்லாம் மற்றவை வாசிச்சினம். இதை நான் வாசிக்கவேணும். ஒருக்கா, சனத்துக்கு முன்னாலை, தொடக்கத்திலையிருந்து முடிவு வரைக்கும். பிறகு இந்தக் கை என்ன வேணுமெண்டாலும் ஆகட்டும்" என்றார். அந்தக் குரலில் விளையாட்டு இல்லை. நான் அந்த மனிதருக்காக முதன்முறை கவலைப்பட்டது அன்றைக்குத்தான்.

முதல் இரண்டு பாகமும் எப்படியோ ஒரு வடிவத்தில் நின்றுவிட்டன. மூன்றாவது நிற்கவில்லை. மியூன்ஸ்ரரில் ஒரு சின்ன மண்டபத்தில் இலையுதிர் காலத்துக்குக் கச்சேரி ஒழுங்குசெய்தார்கள். நெருங்கி வரும்போது, இன்னும் சரிவரவில்லை என்று அவரே தள்ளிப்போட்டார். வசந்தத்துக்கு வைத்தார்கள். அதையும் தள்ளினார். மூன்றாம் முறை அவர்கள் கேட்கவில்லை. இவர் மேலே நடந்துகொண்டே இருந்தார், விரல் மடங்கிக்கொண்டே வந்தது. பலகை கிறீச்சிடும்போதெல்லாம் எனக்கு அந்த விரல்தான் கண்ணுக்குள் வரும். படுத்திருக்கவும் ஏலாது, எழும்பி நடக்கவும் ஏலாது. கடைசியில் ஒரு நாள் மேலே போய் ஏசினேன்.

"உங்களுக்கு விளங்குதோ இல்லையோ? விரலுக்கு உங்கட திருத்தம் முடியிற வரைக்கும் நிக்கத் தெரியாது. இப்பிடியே அழிச்சுக்கொண்டு இருந்தால் பேந்து ஒரு நாளும் வாசிக்க மாட்டியள்."

"எங்கை வாசிக்கிறது? ஒருத்தரும் கூப்பிடினமில்லை."

"நான் கூப்பிடுறன். மார்கழியிலை எங்கட ஒளிவிழா இருக்கு. அங்கை வாசியுங்கோ."

ஒளிவிழா என்றால் நத்தாருக்கு, அதாவது கிறிஸ்மஸுக்கு, முந்தி எங்கள் தமிழ்க் கத்தோலிக்கச் சனம் எல்லாம் ஒன்றுகூடும் விழா. நாடகம், நடனம், கரோல், பேச்சு, சாப்பாடு. மேடை இருக்கும், ஒலிவாங்கி இருக்கும்.

"சனம் வருமோ?"

"வரும். மண்டபம் நிறைய வரும். கேக்கும் எண்டு நான் சொல்ல மாட்டன்."

அவர் நின்றார். நின்றதே பெரிய விஷயம். "அங்கை ஒருத்தருக்கும் இது எப்பிடி இருக்கவேணுமெண்டு தெரியாது" என்றார் மெதுவாக. "தெரியாது" என்றேன். "அப்ப வாறன்" என்றார்.

விழாவை நடத்துகிறவர் எங்கள் செயலாளர் அண்ணை. நல்ல மனுசன், தொண்டைத் தண்ணி வற்ற வேலை செய்கிறவர். ஒரு வெள்ளைக்காரக் கலைஞர் வருகிறார் என்று கேட்டதும் அவருக்குத் தலைகால் தெரியவில்லை. "பொன்னாடை ஒண்டு வாங்கவேணும்" என்பதுதான் அவர் முதலில் சொன்னது.

அழைப்பிதழில் பிற்பகல் மூன்று மணி என்று இருந்தது. எங்கள் சனத்துக்கு அதன் அர்த்தம் தெரியும், பெல்ஜியம்காரருக்குத் தெரியாது. இரண்டரைக்கே கறுப்பு உடுப்போடு வந்து பூட்டிய மண்டபத்து வாசலில் நின்றார். விளக்கேற்றி, செபம் சொல்லி, போரில் செத்தவர்களுக்கு அகவணக்கம் செலுத்தி, வரவேற்பு நடனம் முடியவே நன்றாக இருட்டிவிட்டது. பிறகு சுவாமியாரின் ஆசியுரை, பாலன்பிறப்பு நாடகம், அதில் மட்டை இறக்கை கழன்று விழுந்த சம்மனசு அழுதது. அவர் ஒவ்வொரு நிகழ்ச்சிக்கும் இடையில் நடைபாதையில் நடந்தார். ஆட்டுக்குட்டி வேஷம் போட்ட பிள்ளைகளுக்கு நடுவில் நின்று, சுவரில் தாளை வைத்து மூன்றாம் பாகத்தைத் திருத்தினார். நான் ஒரு கோப்பையில் கொதி தண்ணீர் கொண்டுபோய்க் கொடுத்தேன். குடிக்க அல்ல, இடது கையால் பிடித்துக்கொண்டிருக்க. சூடு பட்டால் விரல் கொஞ்சம் இளகும்.

அவரைக் கூப்பிட்டபோது நான் மண்டபத்துச் சமையலறையில் ரோல்ஸ் பொரித்துக்கொண்டிருந்தேன். கையைத் துடைத்துக்கொண்டு வாசலில் வந்து நின்றேன். முதல் பாகம் வேகமானது. சனம் கதைத்துக்கொண்டிருந்தது, கைக்குழந்தைகள் கத்தின, பின்வரிசையில் ஆண்கள் சண்டை ஓய்ந்து பாதை திறந்தபின் ஊருக்குப் போய்வந்த கதை சொல்லிக்கொண்டிருந்தார்கள். அவர் அதை ஒன்றும் கண்டுகொள்ளவில்லை. இரண்டாம் பாகம் மெதுவானது. கொஞ்சம் அமைதி வந்தது. இசைக்கு மயங்கி அமைதியானார்கள் என்று சொன்னால் அது பொய். மெதுவாக வாசித்தால் சோகம், சோகத்துக்குக் கதைக்கக்கூடாது என்று எங்கள் சனத்துக்குத் தெரியும். விரல் நிற்குமா, நிற்குமா என்பதுதான் எனக்கு ஒரே யோசனை.

இரண்டாம் பாகம் முடிந்தது. அவர் வியோலாவைத் தோளிலிருந்து இறக்கினார். மூன்றாவதுக்கு முன் இடது கையைத் தளர்த்த வேண்டும், அதற்காகக் கையை உதறி, விரலை ஒவ்வொன்றாக நிமிர்த்தினார்.

சனம் கைதட்டியது. வாத்தியத்தை இறக்கிய மனிதர் முடித்துவிட்டார் என்பதுதானே எங்கள் வழக்கம். அதுவும் நன்றாக, மனதாரக் கைதட்டினார்கள். தட்டிய கை ஓயமுதல் செயலாளர் அண்ணை பொன்னாடையோடு மேடையில் நின்றார். "பெல்ஜியம் நாட்டின் புகழ்பூத்த வயலின் மேதை அவர்களுக்கு" என்று ஒலிவாங்கியில் முழங்கி, சரிகை வைத்த சிவப்புப் பொன்னாடையை அவர் தோளில் போர்த்தினார். ஒரு சின்னப் பெண் பூச்செண்டு நீட்டினாள். படம் எடுத்தார்கள். "அடுத்து வருவது குழு நடனம்" என்ற அறிவிப்போடு பாட்டும் தொடங்கிவிட்டது.

நான் எண்ணெய்க் கையோடு மேடைக்கு ஓடினேன். "அண்ணை, முடியேல்லை! இன்னும் ஒரு பாகம் கிடக்கு!"

"என்ன பிள்ளை சொல்லுறாய்? சனம் கைதட்டிப் போட்டுது. பொன்னாடையும் போத்தியாச்சு. இனி என்னெண்டு திரும்பத் தொடங்கிறது?"

"அவர் அந்தப் பாகத்துக்குத்தான் வந்தவர், அண்ணை."

"நடனப் பிள்ளையள் ஏறி நிக்கிதுகள், பார். மண்டபத்தைப் பூட்ட ஆள் வந்து நிக்கிறான்." அவரில் பிழை சொல்ல முடியாது. அவருக்கு வியர்த்துக் கொட்டியது. மேடையில் பிள்ளைகள் உண்மையாகவே வரிசையில் நின்றார்கள், சலங்கை குலுங்கியது. பொன்னாடையும் பூச்செண்டும் வியோலாவுமாக அவர் அந்த வரிசைக்கு நடுவில் வழி தேடிக்கொண்டிருந்தார். எனக்கு அழுகை வந்துவிட்டது. எங்கள் சனத்தின் மேல் வந்த கோபமும் வெட்கமும் சொல்லி மாளாது. அந்த மனிதர் நேரே ரயிலடிக்குப் போய்விடுவார், இனி இந்த வியோலாவைத் தொடமாட்டார் என்றே நினைத்தேன்.

அவர் ரயிலடிக்குப் போகவில்லை. என் பின்னால் சமையலறைக்கு வந்தார். அங்கே மன்னார் அக்கா ஒருத்தி சோற்றுப் பானை கழுவிக்கொண்டிருந்தா, இன்னொரு பெண் தட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்தாள்.

"கதவைச் சாத்துங்கோ" என்றார்.

"என்ன செய்யப் போறியள்?"

"சூடு ஆறமுதல் வாசிக்கவேணும். நீங்கள் மூண்டு பேரும் சனம்தானே?"

கதவைச் சாத்தினேன். மன்னார் அக்கா தண்ணீர்க் குழாயை மூடினா. அவர் பொன்னாடையைக்கூடக் கழற்றவில்லை. தாளை வைக்க இடமில்லாமல், தாளே இல்லாமல் தொடங்கினார். சுவருக்கு அந்தப் பக்கம் நடனப் பாட்டு இடித்துக்கொண்டிருந்தது. அதற்கு மேலால் வாசித்தார், அதற்குக் கீழால் வாசித்தார். நான் வருஷக்கணக்காக மேல்தளத்தில் துண்டு துண்டாகக் கேட்டு வெறுத்த அதே சத்தங்கள். ஒன்றன்பின் ஒன்றாக வந்தபோது, அவை எதற்காக அங்கே இருக்கின்றன என்று எனக்கே பிடிபட்டது. என்ன இசை என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. யாரோ கதவு கதவாகத் தட்டிக்கொண்டு போகிறார்கள், ஒரு கதவும் திறக்கவில்லை, அதற்காக அவர்கள் நடையை நிறுத்தவுமில்லை என்று நினைத்தேன்.

முடிவுக்குக் கிட்டவாகத்தான் இருக்க வேண்டும். சின்னவிரல் போனது. கம்பியில் படாமல் உள்ளே மடங்கி நின்றது. அவர் மோதிரவிரலால் சமாளித்தார். பிறகு அதுவும் போனது. ஒரு சுரம் கீறலாக வந்தது, அடுத்தது வரவேயில்லை. நான் கண்ணை மூடிக்கொண்டேன். நிற்பாட்டப் போகிறார் என்று நினைத்தேன்.

இடது கையை எடுத்துவிட்டார். வலது கை வில்லை விடவில்லை, விரல் தேவைப்படாத வெறும் கம்பியை இழுத்துக்கொண்டே இருந்தது. அதற்கு மேலே, விரல் வாசிக்க வேண்டியதை, அவர் வாயால் பாடினார். சொல் இல்லை, ஆ என்ற சத்தம்தான். குரல் கரகரத்தது, மேலே ஏறும்போது உடைந்தது. அவர் நிற்பாட்டவில்லை. கடைசிச் சுரம் வரைக்கும் பாடினார், வில்லும் அதோடு நின்றது.

மன்னார் அக்கா என்னைப் பார்த்தா. "முடிஞ்சுதோ, பிள்ளை?" என்று கேட்டா. கைதட்ட அவவுக்கும் இப்போது பயம்.

நான் அவரைப் பார்த்து ஜெர்மனில் அதையே கேட்டேன். "முடிஞ்சுது" என்றார். வியர்வையைப் பொன்னாடையால் துடைத்தார். பிறகு தனக்குப் பசிக்கிறது என்றார். நின்றபடியே ரோல்ஸ் சாப்பிட்டார், இன்னும் ஒன்று கேட்டு வாங்கினார். நாங்கள் மூன்று பேரும் அவர் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டு நின்றோம்.

அந்தக் குளிர்காலம் முடியமுதல் கையை வெட்டி விரல்களை நிமிர்த்தினார்கள். டொக்டர் சொன்னது சரி. சட்டைப் பொத்தான் பூட்ட முடிந்தது, வியோலா முடியவில்லை. அவர் விற்றாரா, யாருக்கும் கொடுத்தாரா, நான் கேட்கவில்லை. பிறகு பெல்ஜியத்தில் கென்ற் பக்கமாகத் தன் ஊருக்கே போய்விட்டார். மேலே வேறு ஆட்கள் வந்தார்கள். அமைதியான ஆட்கள். மத்தியானம் எனக்கு நித்திரை வரக் கனநாள் எடுத்தது.

கொஞ்சக் காலம் கழித்து அவரிடமிருந்து ஒரு தொலைபேசி. மியூன்ஸ்ரரில் ஒரு இளம்பெண் அந்தப் படைப்பை வாசிக்கிறாளாம், நான் வரவேணுமாம். பிள்ளைகளைக் கணவரிடம் விட்டுவிட்டுப் போனேன். அழிறப்பர் ஐயா மெலிந்திருந்தார். என் பக்கத்தில் இருந்துகொண்டு, முதல் இரண்டு பாகத்துக்கும் நெளிந்தார், முழங்காலைக் குத்தினார், "உது பிழை, உதை மாத்தியிருக்கவேணும்" என்று முணுமுணுத்தார். முன்வரிசையில் ஒருவர் திரும்பிப் பார்த்து முறைத்தார்.

மூன்றாம் பாகம் முடிவுக்கு வந்தது. அந்தப் பெண் தன் இடது கையைக் கம்பியிலிருந்து எடுத்து, கீழே தொங்கவிட்டாள். நல்ல கை, நேரான விரல்கள். வெறும் கம்பியை வில்லால் இழுத்துக்கொண்டு, வாயைத் திறந்து பாடினாள். எல்லாவற்றையும் அழித்த மனிதர் இந்த ஒன்றை நடந்தது நடந்தபடியே எழுதி வைத்திருந்தார். அவர் பக்கம் திரும்பினேன். "வடிவாப் பாடுறாள்" என்றார் கிசுகிசுத்து. "அவ்வளவு வடிவு கூடாது."

வெளியே வந்தபோது கண்ணாடி போட்ட பெரிய மனிதர் ஒருவர் அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார். "கடைசியிலை கையை எடுத்துப்போட்டுக் குரலைக் கொண்டுவந்தியளே, என்ன துணிச்சலான யோசனை! எப்பிடி வந்தது?"

அவர் தன் இடது கையை மேலங்கிப் பைக்குள் இருந்து எடுக்கவில்லை.

"கனகாலம் யோசிச்சு எழுதினது" என்றார்.

கண்ணாடிக்காரர் என்னைப் பார்த்து, அப்படித்தானே என்கிறமாதிரித் தலையாட்டினார். வாயில் ஒன்றும் தங்காதவள் என்று எனக்கு ஊரெல்லாம் பெயர். "ஓம்" என்றேன். "நான் கீழ்வீட்டிலை இருந்தனான். எனக்குத் தெரியும்."